அப்பாவின் திங்கட்கிழமை வேலை

பிள்ளைகளா, தாத்தா மேல் போலீஸ் கேஸ் இருந்ததாமே என்று போன வாரம் கல்யாண வீட்டிலிருந்து வந்து கேட்டீர்கள். இருந்தது. பச்சைமலை அடிவாரத்தில், வரப்புத் தகராறில், பக்கத்துக் காட்டுக்காரரை மண்வெட்டிக் காம்பால் அடித்துக் கையை ஒடித்துவிட்டார். தப்புதான். ஜாமீன் கொடுத்த கோர்ட், திங்கட்கிழமைதோறும் காலை பத்து மணிக்குள் ஸ்ரீரங்கத்தில் ஒரு ஸ்டேஷனில் கையெழுத்துப் போடச் சொன்னது. தவறினால் ஜெயில்.

எனக்கு அப்போது ஏழு வயது. இதெல்லாம் யார் சொன்னார்கள்? அப்பா கையெழுத்துப் போடப் போகிறார், அவ்வளவுதான் தெரியும். எங்கள் பள்ளிக்கூடத்தில் கையெழுத்துப் போடுகிறவர் ஹெட்மாஸ்டர் ஒருவர்தான். அப்படியென்றால் அப்பா போலீசுக்கே ஹெட்மாஸ்டர்!

காலாண்டு லீவில் அழுது அடம்பிடித்து மொபெட்டில் தொற்றிக்கொண்டேன். மண்ணச்சநல்லூர் தாண்டி, கொள்ளிடம் பாலத்துக்குக் கொஞ்சம் முன்னால் டயர் பஞ்சர்.

"அரை மணி ஆகும்ணே, உக்காருங்க" என்றார் பஞ்சர் கடைக்காரர்.

"உக்கார நேரமில்ல தம்பி. பத்து மணிக்குள்ள போயாகணும்."

"எங்கப்பாவுக்குப் போலீஸ் ஸ்டேஷன்ல கையெழுத்துப் போடுற வேலை!" என்றேன் நான், ரோட்டுக்கே கேட்கிற மாதிரி.

கடைக்காரர் அப்பாவைப் பார்த்தார். அப்பா தன் செருப்பைப் பார்த்தார்.

"அடேங்கப்பா, பெரிய வேலைதான். வண்டி இங்கயே கெடக்கட்டும். ஓடுங்கண்ணே!"

அப்பா என்னைத் தோளில் தூக்கி வைத்துக்கொண்டு பாலத்தில் ஓடினார். பஸ்ஸில் போனவர்கள் எட்டிப் பார்த்தார்கள். நான் கையாட்டினேன். அவர் கழுத்து வியர்வையில் என் கால்சட்டை நனைந்துவிட்டது.

ஸ்டேஷனில் ஏட்டு கடிகாரத்தைப் பார்த்தார். "என்னய்யா, புள்ளையச் சுமந்துகிட்டா ஓடி வந்தே? இன்னும் ரெண்டு நிமிஷம் இருக்கு. மூச்சு வாங்கிட்டுப் போடு."

நோட்டை அவரே திருப்பி வைத்தார். அப்பா கையை வேட்டியில் துடைத்துக்கொண்டு முழுப் பெயரையும் எழுதினார். கீழே ஒரு கோடு, இரண்டு புள்ளி. வாசலில் துப்பாக்கியோடு நின்றவருக்குக்கூட அந்த நோட்டைத் தரவில்லை.

கேஸ் முடியும்வரை ஒரு திங்கட்கிழமைகூட அவர் தவறவில்லை. அடித்ததை இல்லையென்று கோர்ட்டில் சொல்லவும் இல்லை. அந்தப் பெருமையெல்லாம் எனக்குப் பிற்பாடு வந்தது.

அன்றைக்கு வீடு திரும்பியதும் யாருக்கும் தெரியாமல் கொல்லைப்பக்கம் போனேன். கரித்துண்டால் சுவர் முழுக்க அப்பாவின் கையெழுத்தைப் போட்டுப் பழகினேன், கோடும் இரண்டு புள்ளியும் விடாமல். அவருக்கப்புறம் அந்த வேலைக்கு நான்தானே போகவேண்டும்?