மிலான் பேர் சொல்லி எழுப்பின ஆக்கள்

வாங்கோ அண்ணை, சுகமா இருக்கிறியளே? முழங்கால் நோ குறைஞ்சுதே? உதிலை, வாசலோடை இருங்கோ. உள்ளை இப்ப ஒருத்தரும் இல்லை. மிலான்ரை மகள் கோப்பி வாங்க வெளியிலை போட்டா. மிலான் மட்டுந்தான் பெட்டிக்குள்ளை கிடக்கிறார்.

திங்கக்கிழமை நான் பால் காய்ச்சிக்கொண்டு நிக்கேக்கைதான் அவ போன் பண்ணினவ, அப்பா செத்துப்போனார் எண்டு. பால் பொங்கி அடுப்பெல்லாம். அந்த அடுப்பும் பழசு, மாத்தித் தாங்கோ எண்டு பில்டிங்காரனுக்குச் சொல்லிச் சொல்லி... அதை விடுங்கோ.

வெக்ஸ்போர்ட் பில்டிங்கிலை எனக்கு அடுத்த கதவு மிலான். லிஃப்டிலை தொப்பியோடை கண்டிருப்பியள். யூகோஸ்லாவியாவிலை பெரிய டிரெக்டர். இப்ப அந்த நாடே இல்லை. இரண்டாம் உலகச் சண்டை முடிஞ்சு எத்தினையோ வருசத்துக்குப் பிறகும் சோசலிச அரசாங்கம் சண்டைப் படந்தான் கேட்டதாம். எடுத்ததைக் கட்சிக் கொமிற்றி இருந்து பாக்குமாம். "எங்கடை நாட்டிலை செத்தவனும் கொடியைப் பாத்துத்தான் சாகவேணும், செல்வோ" எண்டு சிரிப்பார். செல்வராசா எண்டது அவற்றை வாயிலை அப்பிடித்தான் வரும். வேறை ஒருத்தரும், என்ரை மனிசிகூட, அப்பிடிக் கூப்பிடுறேல்லை.

படத்திலை சூடுபட்டு விழுற மாதிரி நடிக்கிறது ஊர்ச்சனம். பனிக்குள்ளை அசையாமல் கிடப்பினம். காட்சி முடிய மிலான் ஒவ்வொருத்தரையும் பேர் சொல்லிக் கூப்பிடுவார். கூப்பிட்டால்தான் எழும்பலாம், அது அவற்றை சட்டம். ஒரு நாள் ஒரு கிழவனைக் கூப்பிட மறந்துபோனார். பனி மூடிப்போட்டுது. தேடி எடுக்கேக்கை உயிர் இல்லை.

அதுக்குப் பிறகு எந்தப் படமெண்டாலும் கடைசியா அந்தக் கிழவன்ரை பேரையும் கூப்பிடுவாராம். ஒருக்காக் கூப்பிட, பனிக்குள்ளையிருந்து ஒரு ஆள் எழும்பி, உடுப்பைத் தட்டிப்போட்டு, காட்டுப் பக்கம் நடந்து போனதாம். கமெரா ஓடிக்கொண்டிருந்திருக்கு. "ஆர் உவன், கொடியைப் பாக்காமல் போறான்?" எண்டு கொமிற்றி கேட்டதாம். அந்தத் துண்டை எனக்கும் போட்டுக் காட்டினவர். முதுகுதான் தெரியுது.

நான் அழுதுபோட்டன் அண்ணை. ஊர்ச் சண்டையிலை செல்லடிபட்டு விழுந்த எங்கடை சனத்தை ஆர் பேர் சொல்லிக் கூப்பிட்டது?

மிலான் என்ரை கையைப் பிடிச்சார். "எல்லாரையும் நான் எழுப்பினனான். பெட்டி மூட முன்னம் என்னை நீ கூப்பிடு. மகள் பயப்பிடுவாள்." ஓம் எண்டு சொல்லிப்போட்டன். மனிசி ஏசுறா: "விசரே உங்களுக்கு? எழும்பினால் என்ன செய்வியள், தேத்தண்ணி ஊத்திக் குடுப்பியளோ?"

இப்ப கொஞ்சம் முன்னம் உள்ளை போய்க் கிட்டக் குனிஞ்சனான். பேரைக் கூப்பிடாமலே திரும்பி வந்திட்டன். இன்னும் கொஞ்சத்திலை மூடப் போகினம். அவர் தந்ததெண்டு என்னட்டை இருக்கிறது செல்வோ எண்ட அந்தப் பேர் ஒண்டுதான். எழும்பினாலும் பரவாயில்லை, நான் போய்...

ஓம், வாறன்! கேட்டியளே அண்ணை, உள்ளையிருந்து "செல்வோ" எண்டு? மகளாக்கும். ஆனால் நாங்கள் வாசலிலைதானே இருக்கிறம், அவ எப்ப உள்ளை...