கூரைமேல் இருந்த பெயர்

நிகானோரா சுல்கா தன் வாழ்நாளில் ஒரே ஒருவரிடம்தான் கேட்கவேண்டியதைக் கேட்கக் கூச்சப்பட்டாள். அந்தக் கூச்சம் அவளை ஒன்பது வருஷம் கோர்ட்டுப் படி ஏறவைத்தது.

மற்றபடி அவள் கூச்சப்படுகிற ஜாதியில்லை. மலைமேல் சண்டை நடந்த காலத்தில் ஊரைவிட்டு ஓடிவந்து, அயகூச்சோ நகரத்துச் சந்தையில் குடல்கறியும் மக்காச்சோளமும் போட்டுக் கொதிக்கவைத்த மொந்தோங்கோ சூப் விற்றுப் பிழைத்தவள். குடித்துவிட்டுக் காசு கொடுக்காமல் நழுவுகிறவனைப் போன்ச்சோப் போர்வையைப் பிடித்து இழுத்து உட்காரவைப்பாள். அப்படிச் சேர்த்த காசில்தான் சரிவில் ஒரு மனை வாங்கினாள். விற்றவர் எலியோடோரோ பலோமினோ. தவணை முடிந்ததும் இருவரும் கிரய ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டார்கள். பத்திரத்தை அடுத்த மாதம் நோட்டரியிடம் போய் முடித்துக்கொள்ளலாம் என்றார் அவர்.

அந்த மாதம் வருவதற்குள் வீட்டுக்குக் கூரை ஏறிவிட்டது. கூரை ஏறினால் வீட்டுக்கு ஒரு ஞானத்தகப்பன் வேண்டும்; இடி தாக்காமல் உச்சியில் நடுகிற சிலுவையைத் தன் பெயர் எழுதிக் கொண்டுவருவது அவன் பொறுப்பு, அந்தப் பக்கத்து வழக்கம் அது. ஆளில்லாத பெண் வேறு யாரைக் கூப்பிடுவாள்? எலியோடோரோவைக் கூப்பிட்டாள். அவரும் சூரியன், சேவல், ஏணி எல்லாம் வைத்து இரும்பில் சிலுவை செய்து, அடியில் தன் பெயரை வெள்ளைப் பெயின்டில் எழுதி, யாழும் வயலினும் முழங்கக் கொண்டுவந்தார். தானே ஏறி உச்சியில் நட்டார். அன்றிலிருந்து அவர் அவளுக்குக் கொம்பாத்ரே, அவள் அவருக்குக் கொமாத்ரே. உறவு முறையாகிவிட்டது.

கொம்பாத்ரேயிடம் போய், "வாங்க, நோட்டரிகிட்ட கையெழுத்துப் போடுங்க" என்று எப்படிச் சொல்வது? உன்மேல் எனக்கு நம்பிக்கையில்லை என்று முகத்தில் அறைகிற மாதிரி ஆகாதா? மழை போகட்டும், கார்னிவல் திருவிழா முடியட்டும், அறுவடை வரட்டும் என்று தள்ளிப்போட்டாள். அதற்குள் சரிவுக்குக் கீழே புது பஸ் நிலையம் வந்து, மனை விலை எங்கோ போய்விட்டது. அப்புறம்தான் போய்க் கேட்டாள்.

"என்ன கையெழுத்து கொமாத்ரே?" என்றார். "கரண்டு வாங்கறதுக்குன்னு ஒரு காகிதம் குடுத்தேனே, அது போதாதா?"

கரண்டுக் காகிதம் என்று அவர் சொன்னது அந்தக் கிரய ஒப்பந்தத்தைத்தான். அவள் நேரே வக்கீலிடம் போனாள்.

கோர்ட்டில் அவன் சொன்னதைக் கேளுங்கள். இனி அவனுக்கு மரியாதை எதற்கு? "போக்கிடம் இல்லாத பொம்பள. எரக்கப்பட்டுக் குடி வச்சேன். கரண்டு ஆபீஸ்ல காகிதம் கேட்டாங்கன்னு கையெழுத்துப் போட்டுக் குடுத்தேன்." கூரையின் போட்டோவையும் நீட்டினான் அவன் வக்கீல். "உச்சியில யார் பேரு இருக்குன்னு பாருங்க ஐயா!" கூடத்தில் இருந்த அத்தனை பேரும் கூரைக்குச் சிலுவை வாங்கினவர்கள்தான். உச்சியில் இருப்பது ஞானத்தகப்பன் பெயர், வீட்டுக்காரன் பெயரில்லை என்று எல்லோருக்கும் தெரியும். கடற்கரைப் பக்கத்திலிருந்து வந்த நீதிபதிக்குத்தான் அந்த வழக்கம் புரியவே ஒரு வருஷம் பிடித்தது.

இரக்கம் என்ற அந்தச் சொல்தான் அவளை அரித்தது. தூக்கம் வராமல் சூப்புச் சட்டியைக் கிண்டிக்கொண்டே, "எரக்கமாம், எரக்கம்!" என்று முணுமுணுப்பாள். வீடு கிடைத்தால் மட்டும் அவளுக்குப் போதாது. விற்றேன் என்று அவன் வாயால் சொல்லவேண்டும்.

கடைசியில் தீர்ப்பு அவள் பக்கம் வந்தது. எலியோடோரோ வந்து பத்திரத்தில் கையெழுத்துப் போடவேண்டும் என்று உத்தரவு. அவன் வரவில்லை.

"வரலேன்னா என்ன? அவனுக்குப் பதிலா நீதிபதியே போடுவாரு" என்றான் அவள் வக்கீல் உற்சாகமாக.

"அப்ப அவன் ஒண்ணும் சொல்லவேண்டாமா?"

"எதுக்கும்மா சொல்லணும்? வீடு உங்களுது. சந்தோஷமா போங்க."

நீதிபதி அவளை நிமிர்ந்துகூடப் பார்க்காமல் கையெழுத்தைப் போட்டார். வெளியே வந்தவளுக்குச் சந்தோஷம் வரவில்லை. ஆக்ஸா பிளேடு ஒன்று வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்து, கூரைமேல் ஏறி, சிலுவையை அடியோடு அறுத்தாள். தோளில் போட்டுக்கொண்டு சந்தை வழியாகவே நடந்தாள்.

கதவைத் திறந்த எலியோடோரோ சிலுவையைப் பார்த்துச் சிரித்தான்.

"எறக்கிட்டீங்களா கொமாத்ரே? இடி விழப்போகுது."

"விழட்டும். என் வீட்டுமேலதானே விழும்."

அவன் தெருவை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்தான். யாருமில்லை. குரலைத் தாழ்த்திக்கொண்டான்.

"அது என்னிக்கும் உங்க வீடுதான். கடைசிக் காசு வரைக்கும் குடுத்தீங்க. எனக்குத் தெரியாதா?"

அவள் சிலுவையைத் தோளிலிருந்து இறக்கி வாசலில் நிறுத்தினாள்.

"இதை ஏன் அங்க சொல்லல?"

"அங்க எழுதிக்கிறாங்களே."

"இன்னொரு தடவை சொல்லுங்க. சத்தமாச் சொல்லுங்க!" தெருப்பக்கம் திரும்பிக் கத்தினாள். "யாராவது வாங்களேன்! வந்து கேளுங்க!"

எதிர்க்கடைக்காரி பாவாடையில் கை துடைத்தபடி வெளியே வந்தாள். "என்ன ஆச்சு எலியோடோரோ ஐயா?"

அவன் பணிவாகத் தொப்பியைக் கழற்றினான்.

"ஒண்ணுமில்லைம்மா. போக்கிடம் இல்லாத பொம்பள. எரக்கப்பட்டு ரெண்டு வார்த்தை பேசினேன்" என்று சொல்லிக் கதவைச் சாத்தினான்.