கணக்கில் வராத அலாஸ்கா

என் அக்கா புருஷன் முடி திருத்துபவர். கடைக்கு வருகிறவர்கள் அவரைச் 'சரித்திரம்' என்றுதான் கூப்பிடுவார்கள். அந்தப் பட்டத்தை வைத்தவன் நான்தான். கிண்டலுக்குத்தான் வைத்தேன், மனுஷர் கிரீடம் சூட்டியது மாதிரி வாங்கிக்கொண்டார்.

ஆரம்பத்தில் அவருக்கும் சரித்திரத்துக்கும் ஒட்டும் கிடையாது, உறவும் கிடையாது. ஒரு தேர்தல் சமயத்தில், முடி வெட்டக் காத்திருந்த இரண்டு பேர் வாய்ச்சண்டையில் ஆரம்பித்துக் கைகலப்பில் முடித்தார்கள். ஒரு நாற்காலிக்குக் கால் போயிற்று. கண்ணாடி ஓரத்தில் விரிசல் விட்டது. மறுநாளே அந்த விரிசலுக்கு மேல் ஓர் அட்டை தொங்கியது: 'முடிந்துபோன ஆட்சிகளைப் பற்றி மட்டும் பேசவும்.' அட்டை தொங்கினால் போதுமா, பேச்சுக்குச் சரக்கு வேண்டாமா? பழைய புத்தகக் கடையிலிருந்து பொது அறிவுப் புத்தகங்களை ஒரு சாக்கு நிறைய அள்ளிக்கொண்டு வந்தார். அன்று பிடித்த பைத்தியம், பிறகு தெளியவே இல்லை.

"பிரான்ஸ்ல ஒரு ராஜா இருபது நிமிஷம்தான் ராஜாவா இருந்தார்னு சொல்றாங்க. யாரு சொல்லுங்க?" என்பார். வாயைச் சுற்றிச் சோப்பு நுரை, தொண்டைக்குப் பக்கத்தில் கத்தி. எவன் வாயைத் திறப்பான்? கொஞ்ச நேரம் காத்திருப்பார். "பத்தொன்பதாம் லூயி" என்று தானே சொல்லிவிட்டு அடுத்த தேசத்துக்குக் கிளம்பிவிடுவார். பக்கத்துக் கடையில் பூட்டு ரிப்பேர் செய்கிற எனக்கு இவ்வளவும் சுவர் வழியாக இலவசம். கேட்டுக் கேட்டுக் காது புளித்துவிட்டது.

கடைக்குப் பின்னால்தான் அவர்கள் வீடு. நடுவில் ஒரே ஒரு திரை. திரைக்கு அந்தப் பக்கம் அக்கா தையல் மிஷினை ஓட்டிக்கொண்டிருப்பாள். மச்சான் என்ன கேட்டாலும் மிஷின் ஒரு கணம் நிற்கும். அங்கிருந்து ஒரே பதில்தான் வரும்.

"சுவிட்சர்லாந்துல பெண்களுக்கு ஓட்டு எந்த வருஷம் கிடைச்சுது?"

"ரஷ்யா."

"முக்கால் மணி நேரத்துக்குள்ள முடிஞ்சுபோன போர் எது?"

"ரஷ்யா."

நாற்காலியில் இருப்பவர் குலுங்கிக் குலுங்கிச் சிரிப்பார். மச்சான் கத்தியை உயரத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, சிரிப்பு அடங்கும்வரை முறைத்தபடி நிற்பார்.

ஒருநாள், "அலாஸ்காவை அமெரிக்காவுக்கு வித்தது யாரு?" என்று கேட்டுத் தொலைத்தார்.

"ரஷ்யா."

 கடையே கைதட்டியது. அக்கா திரையை விலக்கித் தலையை நீட்டி, "என்ன, சரியா சொல்லிட்டேனா?" என்றாள்.

"தெரிஞ்சு சொல்லணும். குருட்டாம்போக்குல சொன்னது கணக்குல வராது" என்றார் மச்சான்.

"ஏன் வராது? சரின்னா சரிதானே?"

"வராதுன்னா வராது."

உலகப் போர்கள்கூட முடிந்துவிட்டன; இந்தப் போர் வருஷக்கணக்கில் நடந்தது. வேலைக்கு நடுவில் அவர் குடிக்கத் தண்ணீர் கேட்டால், "அலாஸ்கா கணக்குல வருமா?" என்று கேட்டுக்கொண்டே அக்கா டம்ளரை நீட்டுவாள். "வராது" என்பார். டம்ளர் உள்ளே போய்விடும். வறண்ட தொண்டையோடு இன்னும் இரண்டு தலைகளை வெட்டி முடிப்பார். இரண்டு பேருக்கும் அசாத்தியப் பிடிவாதம். நடுவில் பஞ்சாயத்துப் பண்ணப் போய் நான் வாங்கிக் கட்டிக்கொண்டதுதான் மிச்சம்.

அந்தக் காலை வேளையில் நாற்காலியில் வேன் டிரைவர் இருந்தார். ஒரு கன்னம் முடிந்திருந்தது. சுவர் வழியாகக் கேள்வி வந்தது: "பெர்லின் சுவர் விழுந்த அன்னைக்கு, பத்திரிகைக்காரங்க முன்னாடி ஒரு அதிகாரி அவசரப்பட்டு ஒரு வார்த்தை சொல்லிட்டார். என்ன வார்த்தை?"

"ரஷ்யா" என்றாள் அக்கா.

'உடனே' என்பதுதான் பதில். எல்லையை எப்போது திறப்பீர்கள் என்று கேட்டதற்கு, 'உடனே' என்றாராம். எனக்கே மனப்பாடம். ஆனால் அன்று மச்சானிடமிருந்து அது வரவில்லை. கத்தி தொட்டியில் விழுகிற சத்தம்தான் வந்தது. நான் ஓடிப் போய்ப் பார்த்தபோது, வாய் ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டிருக்க, ஏதோ சொல்ல முயன்றுகொண்டிருந்தார். காற்றுதான் வந்தது.

டிரைவர் பாதி முகத்தில் நுரையோடே வேனைக் கிளப்பினார். ஆஸ்பத்திரி வாசலில் காவலாளி அவரைத்தான் நோயாளி என்று நினைத்துக் கையைப் பிடித்து இழுத்தான். வேறொரு நாளாக இருந்தால் வயிறு வலிக்கச் சிரித்திருப்பேன்.

மூளைக்குப் போகிற ரத்தக்குழாயில் அடைப்பு என்றார்கள். நல்லவேளை, சீக்கிரம் கொண்டுவந்தீர்கள் என்றார்கள். உயிருக்குப் பயமில்லை, ஆனால் பேச்சு வருமா என்பதை மட்டும் இப்போது சொல்ல முடியாது என்றார்கள்.  அக்கா கட்டிலைச் சுற்றி இருந்த திரையையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். பேச்சு இல்லாத மச்சானை என்னால் நினைத்துப் பார்க்கவே முடியவில்லை. புளித்துப்போன காதுதான், ஆனால் அந்தக் குரல் இல்லாமல் என் கடையில் எப்படி உட்காருவது என்று தெரியவில்லை.

மறுநாள் டாக்டரம்மா வந்தார். சின்ன வயது, பொறுமையான முகம். எங்களை வெளியே நிற்கச் சொல்லிவிட்டுத் திரைக்குள் போனார்.

"உங்க பேர் என்னன்னு சொல்லுங்க பார்ப்போம்."

 கல்லை உருட்டுகிற மாதிரி ஒரு குரல்: "ர...ஷ்யா."

"இது எந்த இடம்?"

"ரஷ்யா."

"இப்போ நம்ம நாட்டை யார் ஆள்றாங்க?"

"ரஷ்யா."

போச்சு, எல்லாம் போச்சு என்று நினைத்தேன். அக்காவோ வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். கண்ணில் தண்ணீர் கொட்டக் கொட்டச் சிரித்தாள். இவளுக்கும் ஏதோ ஆகிவிட்டது என்று பயந்துபோனேன்.

"என்னையே கிண்டல் பண்றார்டா. நான் சொல்றதை எனக்கே திருப்பிச் சொல்றார். நல்லாத்தான் இருக்கார்!"

டாக்டரம்மா திரையை விலக்கிக்கொண்டு வந்தார். நாங்கள் விஷயத்தைச் சொன்னோம். அவர் சிரிக்கவில்லை.

"அப்படி இருந்தா சந்தோஷம்தான்மா. ஆனா சில பேருக்கு ஒரே ஒரு வார்த்தை மட்டும் மனசுல நின்னுடும். எதைக் கேட்டாலும் அதையேதான் சொல்வாங்க. வீட்டுல அடிக்கடி கேட்ட வார்த்தையாகூட இருக்கலாம்."

அக்காவின் சிரிப்பு அப்படியே நின்றுபோயிற்று. தான் விளையாட்டாகச் சொன்ன சொல் அவரிடம் மிஞ்சிய ஒரே சொல்லாகிவிடுமோ என்ற பயம் முகத்தில் அப்பட்டமாகத் தெரிந்தது. முந்தானையால் முகத்தை அழுந்தத் துடைத்துக்கொண்டு, கட்டிலுக்குப் பக்கத்தில் போய்க் குனிந்தாள்.

"ஏங்க, நான் ஒண்ணு கேக்கறேன். அலாஸ்காவை அமெரிக்காவுக்கு வித்தது யாரு?"

அதற்குச் சரியான பதிலும் ரஷ்யாதான். இவர் இப்போது சரியான பதிலைச் சொன்னால் தொலைந்தோம்.

மச்சானின் வாய் 'ர' என்று திறந்தது. அக்கா கட்டில் கம்பியை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். திறந்த வாய் மூடிக்கொண்டது. அவர் அக்காவையே பார்த்தார். கோணிய வாய் இன்னும் கொஞ்சம் கோணியது. அது சிரிப்பு என்று எனக்குப் புரியச் சற்று நேரமாயிற்று.

"அது..." என்றார். எச்சிலை விழுங்கினார். "அது... கணக்குல... வராது."

"எது கணக்குல வராது?" என்று டாக்டரம்மா என்னைக் கேட்டார். நானோ சுவரில் சாய்ந்துகொண்டு சின்னப் பிள்ளை மாதிரி அழுதுகொண்டிருந்தேன். அப்பாடா என்று இருந்தது. வேறு என்ன சொல்ல?

அக்கா அழவில்லை. மேஜையிலிருந்த டம்ளரை எடுத்தாள். டாக்டரம்மாவைப் பார்த்தாள், அவர் தலையசைத்து, ஸ்பூனைக் காட்டினார். ஒரு ஸ்பூன் தண்ணீரை மச்சானின் உதட்டருகே கொண்டுபோனாள். இத்தனை வருஷத்தில் முதல் தடவையாக எதையும் கேட்காமல் கொடுத்தாள்.

"வராது, வராது. வரவே வேண்டாம். அலாஸ்காவை நீங்களே வச்சுக்கோங்க" என்றாள்.