ஒற்றைக்கால் மடம்

செல்லக்கனியிடம் யாராவது ஊரைப் பற்றிக் கேட்டால் சுருக்கமாக முடித்துவிடுவாள். உடன்குடிப் பக்கம் என்பதற்கு மேல் வார்த்தை வராது. இல்லாத ஊரைப் பற்றி என்றால் மட்டும் தடையில்லாமல் பேசுவாள். அதை முதலில் கண்டுபிடித்தவள் மெர்சி.

நாலு வருஷத்துக்கு முன்னால், பத்தாவதோடு படிப்பை நிறுத்திவிட்டு வந்த செல்லக்கனி குன்றத்தூரில் ஒரு பெண்கள் விடுதியில் தங்கி, ஒரகடத்தில் கார்களுக்கு வயர் கட்டும் கம்பெனிக்குப் போகத் தொடங்கிய முதல் வாரம். காலை ஷிப்ட் பஸ்ஸில் அவளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தவள் குன்றத்தூர்க்காரி மெர்சி. மெர்சியின் போன் முந்தின நாள்தான் பக்கெட் தண்ணீரில் விழுந்து செத்திருந்தது.

"ஏதாச்சும் பேசுடி. ஒரு மணி நேரம் முன்சீட்டையே பாத்துகினு வர முடியாது."

"எனக்கு ஒண்ணும் தெரியாதுக்கா."

"தெரியலன்னா இன்னா, பொய்யாவது சொல்லு."

அப்படிப் பிறந்ததுதான் மேலாற்று நாடு. அங்கே ஆறு வானத்தில் ஓடும். வீடுகளெல்லாம் அதன் கரையில். வயல்கள் மட்டும் கீழே, மண்ணில். காலையில் படகுகள் இறங்கும். இரண்டு சூரியன்களில் சின்னது மறைவதற்குள் எல்லோரும் திரும்ப ஏறிவிட வேண்டும். படகைத் தவறவிட்டவர்கள் விடிவதற்குள் தங்கள் பெயரை மறந்துவிடுவார்கள்.

"அய்யய்யோ! அப்பால இன்னா பண்ணுவாங்க?"

செல்லக்கனிக்கே அது தெரியவில்லை. மறுநாள் விடுதிப் பெண் ஒருத்தி தெருக்கோடியிலிருந்து ஓடி வந்தபோது, மெர்சி பஸ் படியில் ஒரு காலும் தரையில் ஒரு காலுமாக நின்றுகொண்டாள். அப்படி நின்றால் வண்டியை எடுக்க முடியாது. அந்தத் தடத்துப் பெண்களுக்கு அது பழைய வழக்கம். டிரைவர் கோபால் ஹாரனை அழுத்திக்கொண்டே இருந்தார். செல்லக்கனி ஜன்னலோரமாக உட்கார்ந்து அந்தக் காலையே பார்த்தாள்.

அன்றைக்கு மேலாற்று நாட்டில் உப்பு விற்கிற ஒருத்தி படகில் ஒரு கால், மண்ணில் ஒரு கால் வைத்து நின்றாள். "கடைசி ஆள் ஏறுகிறவரை முதல் ஆளும் ஏறவில்லை" என்றாள். அதை ஏற்றுக்கொண்டவர்கள் ஒற்றைக்கால் மடத்தார். அந்த மடத்துக்குக் கட்டடம் இல்லை, குருவும் இல்லை. யாருக்காகவாவது ஒரு தடவை நின்றவர்கள் எல்லோரும் மடத்தைச் சேர்ந்தவர்கள். அவர்களோடு ஓயாமல் வாதாடியவர்கள் நாழிகை மடத்தார். ஒருத்திக்காக நின்று நூறு பேர் பெயரை இழப்பது என்ன நியாயம் என்பது அவர்கள் கேள்வி.

கேள்வி பஸ்ஸுக்குள்ளும் பரவியது. "நாழிகை மடம்தான் கரெக்டு," என்றாள் முன்சீட்டு முத்துச்செல்வி. "ஒருத்தி பவுடர் பூசிகினு வர்றதுக்கு நூறு பேரு பேர வுடணுமா?"

"உன்ன மாதிரி ஆளுங்க சேர்ந்துதான் கோபாலண்ணன மடாதிபதி ஆக்கிட்டீங்க," என்றாள் மெர்சி.

"எம்மா, நான் எந்த மடத்துலயும் இல்ல. அஞ்சே காலுக்கு வண்டி கெளம்பணும், அவ்ளோதான்," என்றார் கோபால். பஸ்ஸே சிரித்தது.

அப்படி இரண்டு வருஷம். வழியில் ஏரிப் பக்கம் வானம் வெளுக்கும்போது கதை சூடுபிடிக்கும். கம்பெனி கேட் வந்தால் பாதியில் நிற்கும். லைனில் நின்று வயருக்கு டேப் சுற்றும்போதும் செல்லக்கனி அடுத்த நாள் வாதத்தை யோசித்துக்கொண்டிருப்பாள். வாழ்க்கையில் ஒருத்தர் தன் பேச்சுக்காகக் காத்திருந்தது அப்போதுதான்.

பிறகு அந்த மழைக்காலம் வந்தது. மெர்சியை குவாலிட்டி பிரிவுக்கு எடுப்பதாக இருந்தார்கள். அந்த மாதம் ஒரு நாள்கூட லீவு விழக்கூடாது. அதே வாரம் அவள் அம்மா கிளியம்மாளுக்குக் காய்ச்சல். ஒரு நாள் காலையில் பஸ் வந்து நின்றபோது மெர்சியைக் காணோம். ஏறி உட்கார்ந்த செல்லக்கனி இறங்கி, படியில் ஒரு காலும் தரையில் ஒரு காலுமாக நின்றாள்.

"ஏறு, இல்ல எறங்கு!" என்றார் கோபால். தேங்கிய தண்ணீரில் ஏற்கெனவே தாமதம். "எங்களுக்கும் லேட்டாவுது!" என்று உள்ளிருந்து நாலைந்து குரல். நாற்பது முகங்கள் தன்னையே பார்ப்பதை செல்லக்கனியால் தாங்க முடியவில்லை. தரையிலிருந்த காலையும் தூக்கி உள்ளே வைத்தாள். பஸ் நகர்ந்தது. பின்கண்ணாடி வழியாகப் பார்த்தாள்: குடை மடங்கிப்போய், மெர்சி திருப்பத்தில் ஓடி வந்துகொண்டிருந்தாள்.

வேறு வண்டி பிடித்துப் போனவளை கேட்டில் திருப்பி அனுப்பிவிட்டார்கள். குவாலிட்டிக்கு இன்னொருத்தி போனாள். மெர்சி மதிய ஷிப்ட்டுக்கு மாற்றிக்கொண்டாள். ஷிப்ட் மாறும் நேரம் கேட்டருகே அவளுடைய ஆரஞ்சுப் பை தெரிந்தால் செல்லக்கனி தலையைக் குனிந்துகொள்வாள். மன்னிப்புக் கேட்கச் சேர்த்துவைத்த வாக்கியங்கள் எல்லாம் மனசோடு நின்றன. அப்படியே இன்னும் இரண்டு வருஷம் ஓடிவிட்டது.

இந்தச் சனிக்கிழமையோடு செல்லக்கனியின் கான்ட்ராக்ட் முடிகிறது. ஞாயிறு ஊருக்கு பஸ். இனி மெர்சியைப் பார்க்க வழியில்லை.

வியாழக்கிழமை காலை பக்கத்தில் ஒரு புதுப்பெண் உட்கார்ந்தாள். சுபஸ்ரீ, மதிய ஷிப்ட்டிலிருந்து மாறி வந்தவள். யாரோ ஓடி வர, முன்னால் ஒருத்தி படியில் கால் வைத்து நின்றாள். சுபஸ்ரீ சிரித்தாள். "ஒத்தக்கால் மடம்!"

செல்லக்கனி சட்டென்று அவள் பக்கம் திரும்பினாள். "அது என்னது?"

"எங்க பஸ்ல ஒரு அக்கா சொல்ற கதைக்கா. மெர்சின்னு பேரு. அதுல ஒருத்தி பாதியில கால எடுத்துடுவா. படகு போயிடும்."

"கால எடுத்தவள மடத்த விட்டு வெரட்டிட்டாங்களா?"

"அதெல்லாம் இல்ல. கீழ நின்னுட்டவ இருக்கால்ல, விடிஞ்சதும் அவகிட்ட உன் பேரு இன்னான்னு கேட்டாங்களாம். அவ பேரு அவளுக்கு வரல. கால எடுத்தவ பேருதான் வந்துச்சாம். கனின்னு."

"கோபத்துலயா?"

"அத மட்டும் அந்தக்கா சொல்ல மாட்டேங்குது. எத்தினி வாட்டி கேட்டாலும் ஜன்னலப் பாத்துக்கும்."

வெள்ளிக்கிழமை செல்லக்கனிக்கு வார விடுமுறை. மதியம் அதே குன்றத்தூர் நிறுத்தத்தில் போய்க் காத்திருந்தாள். ஒன்றரைக்கு மதிய ஷிப்ட் பஸ் வந்து நின்றது. எல்லோரும் ஏறினார்கள். மெர்சி மட்டும் இல்லை. டிரைவர் பகலவன் கியரைப் போட்டபோது செல்லக்கனி படியில் வலது காலை வைத்தாள்.

"யாரும்மா நீ? இந்த ஷிப்ட்டே இல்லியே! கால எடு!"

உள்ளே எல்லா முகங்களும் திரும்பின. "ஒரு ஆள் வரணும்ணே," என்றாள். கால் அங்கேயே இருந்தது. ஹாரன் அடித்தது, நின்றது, மறுபடி அடித்தது.

ஆரஞ்சுப் பை திருப்பத்தில் தெரிந்தது. மெர்சி மூச்சிரைக்க ஓடி வந்தாள். படியில் இருந்த செருப்பைப் பார்த்தாள், பிறகு முகத்தை.

"இன்னாடி, ரெண்டு வருஷமா கால் வலிக்கலியா உனக்கு?"

செல்லக்கனிக்குச் சேர்த்துவைத்த வாக்கியங்களில் ஒன்றுகூட வரவில்லை. "வலிக்குதுக்கா," என்றாள்.

மெர்சி அவள் முழங்கையைப் பிடித்தாள். "அண்ணே, கேட் வரிக்கும் இவளும் வர்றா. ஒரு கதை பாதியில நிக்குது."

செல்லக்கனி தரையிலிருந்த காலைத் தூக்கினாள்.