முதுகக்காவின் முகம்

படப்பிடிப்புக்காரர்கள் அவளுக்கு வைத்த பெயர் முதுகக்கா. கிண்டல்தான், ஆனாலும் பொருத்தமான பெயர். பள்ளிக்கு மட்டம் போட்டுவிட்டு ஓர் அலைச்சறுக்குப் படம் பார்த்த நாளிலிருந்து அவளுக்குக் கடலும் பைத்தியம், சினிமாவும் பைத்தியம். கதாநாயகிகளில் பாதிப் பேருக்கு முழங்கால் தண்ணீரிலேயே குலை நடுங்கும். அவர்கள் கரையில் நின்று சிரிப்பார்கள். இவள் சவுரியை மாட்டிக்கொண்டு, வீட்டு உயர அலையில் டூப்பாக இறங்குவாள். முகம் மட்டும் கேமராவில் பட்டுவிடக் கூடாது, பட்டால் டேக் போச்சு. அதனால் கேமரா எதிர்ப்படும்போதெல்லாம் கழுத்து தானாக மறுபக்கம் திரும்பிவிடும். அடேயப்பா, அப்போதும் காலடியில் பலகை இம்மியும் ஆடாது!

பழக்கம் வீடு வரைக்கும் வந்துவிட்டது. மகளின் கல்யாண ஆல்பத்தில் அம்மாவைத் தேடினால் கொண்டைதான் கிடைக்கும்.

அறுபது வயதில் அவளைப் பற்றியே படமெடுக்க ஓர் இளம் இயக்குநர் வந்து நின்றாள். முதுகக்கா துளியும் பிகு பண்ணவில்லை. சாவதற்குள் ஒரு தடவையாவது தன் மூஞ்சியைத் திரையில் பார்த்துவிட வேண்டும் என்று மகளிடம் வெட்கத்தை விட்டே சொன்னாள்.

படப்பிடிப்பன்று அலை ஒத்துழைத்தது, முழங்காலும் ஒத்துழைத்தது. கழுத்துதான் காலை வாரியது. கேமராப் படகைக் கண்டதும் வெடுக்கென்று திரும்பிக்கொண்டது. எத்தனை டேக் எடுத்தும் அதே கதை. இயக்குநர் கெஞ்சினாள், ஒளிப்பதிவாளர் தலையில் அடித்துக்கொண்டார். முதுகக்காவுக்கு அழுகையே வந்துவிட்டது. வெளிச்சம் மங்க, முழங்காலும் வலிக்க ஆரம்பித்தது. இன்னும் ஓர் அலைதான், அதற்கு மேல் தாங்காது என்று அவளே சொல்லிவிட்டாள்.

அந்தக் கடைசி அலையில் அவள் எழுந்து நின்றபோது, படகை ஒட்டித் தன் பலகையில் மிதந்துகொண்டிருந்த மகள், யாரிடமும் சொல்லாமல் கையால் நீரைத் தள்ளிக்கொண்டு அம்மாவின் வழியில் குறுக்கே வந்தாள். ஒருவர் பிடித்த அலையில் இன்னொருவர் குறுக்கிடுவது அலைச்சறுக்குக் கூட்டத்தில் மன்னிக்கவே முடியாத குற்றம். அதை மகளுக்குச் சொல்லிக் கொடுத்ததே அம்மாதான். ஆத்திரத்தில் அவளுக்குக் கேமரா, படகு எல்லாம் மறந்துபோயிற்று. மகள் வந்த படகுப் பக்கமே முழுசாகத் திரும்பினாள்.

“கண்ணு தெரியலையாடி உனக்கு? யாரு அலைடி இது?”

“உன் அலைதாம்மா,” என்றாள் மகள். “மூஞ்சிய அப்படியே வெச்சுக்கோ.”

பலகையைச் சட்டென்று வளைத்து, மகளை மயிரிழையில் தாண்டிப் போனாள். அலை அடங்குகிறவரை படகையே பார்த்துக்கொண்டு வந்தாள். அழுதுகொண்டுதான் வந்தாள், முகத்தை மட்டும் திருப்பவில்லை.