பாட்டுக்கு எழும்புகிற மனிதர்

மகள் கணக்கியல் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு சினிமா படிக்கப் போன நாளிலிருந்து, என் கணவர் அவளோடு சாப்பாட்டைப் பற்றியும் பனியைப் பற்றியும் மட்டுமே கதைத்தார். அவள் என்ன படிக்கிறாள் என்று யாராவது கேட்டால், "படிக்கிறாள்" என்பார்.

நாங்கள் குடியேறியிருக்கும் இந்தப் பிரெஞ்சு பேசும் நகரத்தின் டவுன்டவுனில், தன் பல்கலைக்கழகத்தில் ஒரு பழைய படம் காட்டப் போவதாகவும் அப்பா கட்டாயம் வரவேண்டும் என்றும் அவள் கேட்டாள். "ஓம், வாறன்" என்றார். அவர் சேர்ட்டை அயன் பண்ணிக்கொண்டு நின்றதைக் கண்ட பிறகுதான் நான் நம்பினேன்.

ஹொலிவூட் படங்கள் பேசத் தொடங்கிய காலத்துக் கௌபாய் படம். கதாநாயகன் குதிரையில் போவான், சுடுவான், பிறகு நின்று கிட்டார் வாசித்துப் பாடுவான். எந்தச் சண்டையிலும் தொப்பி விழாது. துரத்தல் முழுக்க ஒரே பாறையைத்தான் சுற்றினார்கள். இரண்டாவது பாறைக்குத் தயாரிப்பாளரிடம் வசதியில்லை போலும். மாணவர்கள் சிரித்தார்கள். எங்களுக்குச் சிரிக்க ஒன்றும் இருக்கவில்லை. கதாநாயகன் என்றால் பாடத்தானே வேண்டும்?

பாட்டுகளுக்கு மட்டும், திரையின் அடியில் ஓடும் பிரெஞ்சு மொழிபெயர்ப்பு வரிகளுக்குக் கீழே மகள் தமிழிலும் எழுதிப் போட்டிருந்தாள். அப்பாவுக்காக, மாதக்கணக்காக. அவர் திடீரென்று பார்த்துச் சந்தோஷப்பட வேண்டுமாம். எனக்கு மட்டும் சொல்லியிருந்தாள். எங்கள் வீட்டில் திடீரென்று நடந்த எதுவும் உருப்பட்டதில்லை. ஆனாலும் வாயை மூடிக்கொண்டிருந்தேன்.

முதல் பாட்டு தொடங்கியது. அவர் எழும்பினார்.

யாழ்ப்பாணத்துத் தியேட்டர்களில் பாட்டு வந்தால் ஆண்கள் வெளியே போய் சிகரெட் பிடித்துவிட்டு வருவார்கள். இவர் சிகரெட்டை எப்போதோ விட்டுவிட்டார். எழும்புவதை விடவில்லை. அடுத்த பாட்டுக்கு நான் சேர்ட்டைப் பிடித்து இழுத்தேன்.

"இஞ்சேருங்கோ, இருங்கோ."

"பாட்டுத்தானே" என்று சொல்லிவிட்டு, "பர்தோன், பர்தோன்" என்று பிரெஞ்சில் மன்னிப்புக் கேட்டபடி முழங்கால்களைத் தாண்டிப் போனார். பாட்டு முடிய, சொல்லி வைத்ததுபோலத் திரும்பி வந்தார். ஒரு பாட்டையும் விடவில்லை. எல்லாவற்றுக்கும் வெளியேதான் நின்றார். மகள் முன்வரிசையிலிருந்து ஒவ்வொரு முறையும் திரும்பிப் பார்த்தாள்.

படம் முடிந்து வாசலில் நின்றோம். அவள் கண்கள் சிவந்திருந்தன.

"பிடிக்காட்டி ஏன் அப்பா வந்தனீங்கள்?"

"ஆர் சொன்னது பிடிக்கேல்லையெண்டு? சண்டைக்கு நான் ஒருக்காலும் எழும்பேல்லையே."

என்னால் பொறுக்க முடியவில்லை. "அந்தப் பாட்டுகளிலதான் உங்கட பிள்ளை உங்களுக்கெண்டு தமிழ் எழுதி வைச்சவள்!" என்றேன்.

அவர் மெட்ரோ நிலையத்தை நோக்கி நடந்தார். எனக்கு இரண்டு பேரிலும் கோபம்.

மறுநாள் காலை, தேத்தண்ணீரைக் குடித்துவிட்டு அவளது மடிக்கணினிக்கு முன்னால் ஒரு கதிரையைப் போட்டுக்கொண்டு இருந்தார்.

"பிள்ளை, அந்தப் பாட்டுகளை ஒருக்கா போடு பாப்பம்."

அவள் போட்டாள். முதல் பாட்டு முழுவதும் அசையாமல் இருந்தார். இரண்டாவது பாட்டின் நடுவில் எழும்பினார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. மகள் படத்தை நிறுத்தக் கையை நீட்டினாள்.

அவர் கதிரையை இழுத்துத் திரைக்குக் கிட்டப் போட்டுக்கொண்டு மறுபடி இருந்தார்.

"நிப்பாட்டாதை பிள்ளை. நான் இன்னும் வாசிச்சு முடிக்கேல்லை."