நாலாவது பாட்டில் என் பகுதி

நோர்வேயில், ஸ்டோவ்னர் என்ற இடத்திலுள்ள ஒரு பள்ளிக்கூடத்தில் பராமரிப்பு வேலை செய்கிறேன். மதிய இடைவேளையில் கொதிகலன் அறைக்குள் நான் மண்டலின் வாசிப்பதை அங்கே இசை படிப்பிக்கும் ஆசிரியர் ஒருநாள் கேட்டுவிட்டு, தன் குழுவுக்கு வரச் சொன்னார். முன்பு வடக்கே பாட்ஸ்பியோர்ட் மீன் ஆலையில் வேலை செய்த வருடங்களில் தனியாகப் பழகிய வாத்தியம் அது. அதுவரை யாருக்கும் முன்னால் வாசித்ததில்லை.

அவர்களுடையது புளூகிராஸ். அமெரிக்க மலைநாட்டு இசை. ஆனால் பழைய மெட்டை அப்படியே வாசிக்க மாட்டார்கள். நடுவில் தாளத்தை முறித்து வேறெங்கோ கொண்டுபோவார்கள். இரண்டு வருடம் செவ்வாய்தோறும் போனேன். முதல் இசைத்தட்டு வெளியிடுவதென்று முடிவானபோது, நாலாவது பாட்டின் நடுப்பகுதியை எனக்குத் தந்தார்கள். அரை நிமிடம்கூட வராது. அதை ஐந்து மாதம் குசினியில் வாசித்தேன். மனைவி சமைத்தபடியே கேட்டாள்.

ஒலிப்பதிவில் எல்லோருக்கும் ஒரே மைக்தான். முறை வருகிறவர் முன்னே போக வேண்டும், மற்றவர் விலக வேண்டும். என் முறை வந்தபோது பிடில்காரர் இன்னும் விலகவில்லை. என்னைவிட வயதில் மூத்தவர். அவரை முழங்கையால் இடித்துக்கொண்டு போக எனக்கு மனம் வரவில்லை. அரை அடி பின்னால் நின்றே வாசித்தேன். மூன்று தடவை பதிந்தோம், மூன்றிலும் அப்படித்தான். ஆசிரியர் "பரவாயில்லை" என்றார்.

தட்டு கைக்கு வந்த ஞாயிற்றுக்கிழமை, மனைவியின் தம்பி குடும்பத்தோடு வந்திருந்தான். எங்களிடம் தட்டைப் போட்டுக் கேட்கும் பெட்டி இல்லை. கைபேசியில் பாட்டைப் போட்டுவிட்டு, அட்டையை அவனிடம் கொடுத்தேன்.

நாலாவது பாட்டு. நடுப்பகுதி வந்ததும், முதல் மீட்டலிலேயே அது என் கை இல்லை என்று தெரிந்துவிட்டது. வேகமாக, சுத்தமாக இருந்தது.

"இது நீங்களோ அத்தான்?"

"ஓம்" என்றேன்.

"சும்மா சொல்லக் கூடாது, பறக்குது."

மனைவி தேத்தண்ணித் தட்டோடு குசினி வாசலில் நின்றாள். "அது இவர் இல்லை, தம்பி. அஞ்சு மாசம் கேட்ட எனக்குத் தெரியாதே? இவர் அந்த இடத்திலை எப்பவும் தடக்குப்படுறவர்."

அவன் அட்டையைத் திருப்பி வாசித்தான். "மண்டலினுக்கு வேறை ஆரோ ஒராளின்ரை பேர் கிடக்கு. பொறுங்கோ, உங்கடை பேர் கீழை கிடக்கு. நன்றி எண்டு போட்டிருக்கிறாங்கள்." என்னை நிமிர்ந்து பார்த்தான். "தேத்தண்ணி போட்டுக் குடுத்தனீங்களோ அத்தான்?"

எல்லோரும் சிரித்தார்கள். பிள்ளைகளும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன், மற்றவர்கள் நிறுத்திய பிறகும் சிரித்துக்கொண்டிருந்தேன்.

செவ்வாய்க்கிழமை ஒத்திகை அறைக்கு முன்கூட்டியே போனேன். வேலை கூடிவிட்டது, இனி வர முடியாது என்று ஆசிரியரிடம் சொன்னேன். ஏன் என்று கேட்பார், அப்போது என் பகுதியை ஏன் எடுத்துவிட்டீர்கள் என்று கேட்கலாம் என நினைத்திருந்தேன். நோர்வீஜிய மொழியில் அந்தக் கேள்வியை வழி முழுக்கச் சொல்லிப் பார்த்திருந்தேன்.

அவர் என் தோளில் கை வைத்தார். "நீங்களே சொன்னது நல்லதாகப் போயிற்று. உங்களுக்கு எப்படிச் சொல்வதென்று யோசித்துக்கொண்டிருந்தோம்" என்றார். பிறகு, இந்த அறையின் சாவி என்னிடம் இருப்பதாகவும் புதியவருக்கு அது தேவைப்படும் என்றும் சொன்னார்.

வளையத்திலிருந்து சாவியைக் கழற்ற நேரம் எடுத்தது. அவர் கையை நீட்டியபடியே நின்றார்.